மேடத்தின் இடது கணுக்கால்

வசுதா மேடத்தை எனக்குப் பிடிக்காது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன். மைசூர் முழுக்க அவரைத் தலைமேல் தூக்கி வைத்துக்கொண்டு ஆடட்டும், ஜெர்மனியிலிருந்தும் பிரேசிலிலிருந்தும் விமானம் ஏறி வந்து அவர் காலடியில் உட்காரட்டும், எனக்கென்ன? பத்து வருஷத்துக்கு மேல் அவர் பக்கத்தில் நின்றவள் நான். காபி குடித்த டம்ளரை அவர் எப்படிக் கீழே வைப்பார் என்பது வரைக்கும் எனக்குத் தெரியும். எடுக்க ஓடி வா என்று அர்த்தம் வருகிற மாதிரி, ணங்கென்று வைப்பார்.

அவர் முதலில் பரதநாட்டியம் ஆடியவர். மேலுகோட்டையிலிருந்து வந்து மைசூரில் வேரூன்றிய ஐயங்கார் குடும்பம். நாற்பதை நெருங்கும்போது சலங்கையைக் கழற்றி வைத்துவிட்டு, மேடையில் தனியாளாக நின்று பேசி, பாடி, அழுது, உருண்டு நிகழ்ச்சி நடத்த ஆரம்பித்தார். அதில்தான் பெயர் வந்தது. ஒரு நிகழ்ச்சியில் இருட்டில் மேடை விளிம்பு தெரியாமல் கீழே விழுந்தார். இடது கணுக்கால் நொறுங்கிப்போனது. தகடு வைத்து முடுக்கினார்கள். அதற்கப்புறம் அந்தக் கால் மடங்கவே இல்லை.

படுத்த படுக்கையாகக் கிடந்தவர், தரையிலிருந்து எழுந்து நிற்கவும், நின்ற இடத்திலிருந்து தரைக்கு வரவும் உடம்பைத் தானே பழக்கினார். மூச்சு, முதுகு, இடுப்பு, எல்லாம் ஒன்றன்பின் ஒன்றாக. அதுதான் வசுதா முறை. இன்று இருபது நாட்டில் சொல்லிக்கொடுக்கிறார்களாம். நியாயமாகச் சொன்னால் நல்ல முறைதான், அதுதான் எனக்கு வயிற்றெரிச்சலே. ஜெயலட்சுமிபுரத்து மையத்தில் வரவேற்பு மேஜையில் உட்காரும் வேலைக்குத்தான் நான் போனேன். முதுகுவலியில் நிமிர முடியாமல் இருந்தவளை நிமிர்த்தி விட்டது அந்த முறை. மாதேஸ்வரன் மலைப் பக்கத்துத் தமிழ் ஊரான மார்டள்ளியில் மஞ்சள் காட்டில் வளர்ந்தவள், வெள்ளைக்காரர்களுக்கு வகுப்பெடுக்கிற மூத்த ஆசிரியை ஆனேன். இல்லையென்று சொன்னால் என் நாக்கு அழுகிவிடும்.

எல்லாம் நல்ல அசைவுகள்தான், ஒன்றைத் தவிர. அதன் பெயர் சாய்வு. நின்ற நிலையிலிருந்து குந்தும்போது மேடம் இடது குதிகாலை வெளியே திருப்புவார். இடது இடுப்பை ஒரு சுழற்றுச் சுழற்றி, உடம்பை வலப்பக்கம் சாய்த்து, அப்படியே தரைக்கு வருவார். பார்க்க அழகாகத்தான் இருக்கும். எந்தக் காலத்திலோ வந்த ஒரு வெள்ளைக்காரம்மா, இந்த முறையின் உயிரே சாய்வில்தான் இருக்கிறது என்று எழுதிவிட்டுப் போனாள். போதாதா? மேடத்தின் அண்ணன் மகன் ஸ்ரீஹர்ஷா, மையத்தின் நிர்வாகமெல்லாம் அவன்தான், அந்தச் சாய்ந்த உருவத்தைப் பனியனில் போட்டான், தண்ணீர் பாட்டிலில் போட்டான், வாசல் பலகையில் விளக்குப் போட்டு மாட்டினான்.

எங்கள் மையத்தில் ஒரு சட்டம் உண்டு. கேட்கக் கூடாது, பார்க்க வேண்டும். மேடம் நாட்டியம் படித்த இடத்தில் அப்படித்தானாம். குரு செய்வதைக் கண்ணால் வாங்கி உடம்பில் இறக்க வேண்டும், ஏன் எதற்கு என்று வாயைத் திறந்தால் வெளியே நிற்க வேண்டும். இடது வலது குழம்பக் கூடாது என்று எங்களுக்கு முதுகைக் காட்டி நின்று செய்வார். அவர் இடது எங்களுக்கும் இடது. நாங்கள் செய்யும்போது கையில் குச்சியோடு சுற்றி வருவார், தாளம் தட்டுகிற அதே நாட்டியக் குச்சி. சாய்வு வரும்போது இடது இடுப்பில் அந்தக் குச்சி விழும். “சாய்! இன்னும் சாய்!” என் இடுப்பில் விழுந்த அடியையெல்லாம் சேர்த்து வைத்தால் ஒரு மத்தளக் கச்சேரியே நடத்தலாம்.

போன தை மாதம் ஒரு நாள் வகுப்பில் சாய்வு காட்டிக்கொண்டிருந்தபோது என் இடது இடுப்புக்குள் ஏதோ பிய்ந்தது. கண்ணில் பூச்சி பறந்தது. பல்லைக் கடித்துக்கொண்டு வகுப்பை முடித்தேன்.

எலும்பு டாக்டர் படத்தை விளக்கில் மாட்டிப் பார்த்தார். நல்ல மனுஷர், மெதுவாகக் கன்னடத்தில் கேட்டார். “சின்ன வயசுல உங்களுக்கு இடது கணுக்கால் உடைஞ்சிருக்கா?”

“இல்லையே.”

“தசைநார் ஏதாவது?”

“ஒண்ணுமில்லை டாக்டர். ஏன்?”

அவர் என் கணுக்காலைப் பிடித்து மடக்கிப் பார்த்தார். அது பாட்டுக்கு நன்றாக மடங்கியது. “கணுக்கால் மடங்காதவங்க குந்தணும்னா இடுப்பை இப்படித் திருப்பித்தான் ஆகணும். அவங்களுக்கு வேற வழி கிடையாது. அப்படித் திருப்பித் திருப்பி மூட்டோட ஓரம் கிழிஞ்சுபோகும். உங்களுக்கு அதே இடத்துல கிழிஞ்சிருக்கு. கால் நல்லா இருக்கே, நீங்க எதுக்கும்மா திருப்புனீங்க?”

எதுக்குத் திருப்பினேன்! அந்த நாற்காலியில் உட்கார்ந்தபடி எனக்குச் சிரிப்பு வந்தது, பின்னாலேயே அழுகை வந்தது. இத்தனை வருஷமாக நான் செய்தது உடற்பயிற்சி இல்லை. ஒரு பொம்பளையின் நொண்டலை மனப்பாடம் செய்திருக்கிறேன். நான் மட்டுமா? இருபது நாட்டில் ஆயிரம் ஆயிரம் பேர், நல்ல காலை வைத்துக்கொண்டு நொண்டிக்கொண்டிருக்கிறார்கள். “இனிமே அதைச் செய்யாதீங்க. செஞ்சா மூட்டையே மாத்தணும்” என்றார் டாக்டர்.

வெளியே வந்ததும் சௌம்யாவுக்குப் போன் போட்டேன். எனக்கு முன்னால் மூத்த ஆசிரியையாக இருந்தவள். இரண்டு வருஷத்துக்கு முன்னால் சொல்லாமல் கொள்ளாமல் வேலையை விட்டு நஞ்சன்கூட்டுக்குப் போய்விட்டாள். கல்யாண விஷயம் என்று ஸ்ரீஹர்ஷா சொல்லியிருந்தான்.

“சௌம்யா, நீ எதுக்கு வேலைய உட்ட?”

“இடுப்பு ஆபரேஷன்க்கா. வேற மூட்டு வெச்சிருக்காங்க.”

“எந்தப் பக்கம்?”

“லெஃப்ட். என் உடம்பு சரியில்ல, முறைக்கு ஏத்த உடம்பில்லன்னு மேடம் சொன்னாங்க. வெளிய சொல்ல வெக்கமா இருந்துச்சு. உங்களுக்குமாக்கா?”

அவளுக்கு முப்பத்திரண்டு வயசுதான். எனக்கு உச்சந்தலையில் ஏறியது. நேராக ஆட்டோ பிடித்து மேடத்தின் வீட்டுக்குப் போனேன். எனக்கு வேண்டியிருந்தது ஒரே ஒரு வாக்கியம். ‘அந்தச் சாய்வு முறை இல்லை, அது என் கால்.’ அவர் வாயால், நாலு பேர் கேட்க. அதைச் சொல்லிவிட்டால் மறுநாளே எல்லோரும் நிறுத்திவிடுவார்கள். நான் சொன்னால் யார் கேட்பார்கள்? வரவேற்பு மேஜையிலிருந்து வந்தவள் பொறாமையில் உளறுகிறாள் என்பார்கள்.

மேடம் பிரம்பு நாற்காலியில் உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். அறுபத்தேழு வயதிலும் முதுகு நாற்காலியில் படாது. நான் நொண்டிக்கொண்டு வந்ததைப் பார்த்தார். பார்க்காத மாதிரி பேப்பரைப் புரட்டினார்.

“என்னடி, திடுதிப்புன்னு வந்து நிக்கறே? இன்னிக்கு உனக்கு க்ளாஸ் இல்லையோ?”

டாக்டர் சொன்னதைச் சொன்னேன். மரியாதையாகத்தான் ஆரம்பித்தேன். சௌம்யாவைப் பற்றியும் சொன்னேன். கடைசியில், “மேடம், வர்ற மாசம் ஹால்ல பட்டமளிப்பு இருக்குதுங்களே, அங்க ஒரு வார்த்தை சொல்லிருங்க. அந்தச் சாய்வு உங்கற கால்னால வந்ததுன்னு. வேற ஒண்ணும் வேண்டாமுங்க” என்றேன்.

பேப்பரை நான்காக மடித்தார். “டாக்டர் சொன்னானாக்கும்! அவன் எலும்பைப் பார்க்கறவன். நான் சரீரத்தைப் பார்க்கறவ. உன் இடுப்பு போனா அது உன் வம்சத்தோட இடுப்பு. மாதேஸ்வரன் மலைக்கு மூட்டை தூக்கிண்டு ஏறி இறங்கின ஜனங்கள்தானே நீங்கள்ளாம்? தேஞ்ச இடுப்பை வெச்சுண்டு என் முறை மேல பழி போட வந்துட்டே.”

மூஞ்சியில் அடித்த மாதிரி இருந்தது. “எங்கூர்ல எம்பது வயசுக் கெழவிங்க நாளெல்லாம் குந்தி உக்காந்து களை எடுக்கறாங்கங்க மேடம். ஒருத்திக்கும் இடுப்பு போகல. ஏன்னா அவங்களை யாரும் குச்சியில அடிச்சுச் சாயச் சொல்லல.”

“வாயை மூடு.”

“ஏனுங்க மூடணும்? சௌம்யாவுக்கு மூட்டையே மாத்திட்டாங்க. உங்களுக்குத் தெரியுமுங்க. தெரிஞ்சுதான் அவளைத் துரத்திவிட்டீங்க.”

அவர் விருட்டென்று கையை ஓங்கி வாசலைக் காட்டினார். கை பட்டு மூக்குக்கண்ணாடி தெறித்து நாற்காலிக்குக் கீழே போனது. கோபத்தில், எடுக்க என்னைக் கூப்பிடவில்லை. தானே சட்டென்று குந்தி எடுத்தார்.

நேராகக் குந்தினார். இரண்டு பாதமும் தரையில் பாவியிருந்தன. குதிகால் திரும்பவில்லை, இடுப்பு சுழலவில்லை, ஒரு மயிரிழை சாயவில்லை. புடவைக்கரை மேலே ஏறியிருந்த இடத்தில், இடது கணுக்காலின் முன்பக்கத்தில் நெட்டுக்குத்தாக ஒரு தழும்பு. பழைய தழும்பு எனக்குத் தெரியும், அது பக்கவாட்டில் இருக்கும். இது புதுசு, இன்னும் சிவப்பாக இருந்தது. போன மழைக்காலம் முழுக்க அத்தை மேலுகோட்டையில் தியானத்தில் இருக்கிறார் என்று ஸ்ரீஹர்ஷா எங்கள் காதில் பூச்சுற்றினானே, அந்தத் தியானம் இதுதானா! கணுக்கால் மூட்டை மாற்றிக்கொண்டு வந்திருக்கிறார். திரும்பி வந்ததிலிருந்து வகுப்பில் அவர் எதையும் தானே செய்து காட்டியதில்லை, குச்சியோடு சரி. மடங்காத கால் மடங்க ஆரம்பித்திருக்கிறது. மடங்கியதும் அவர் உடம்பு சாய்வைத் தூக்கி எறிந்துவிட்டது. அவருக்கே அது தெரியவில்லை.

வாயை மூடிக்கொண்டு வெளியே வந்தேன். என் வாழ்க்கையில் இப்படி வாயை மூடியது அபூர்வம், என் வீட்டுக்காரரைக் கேட்டால் கற்பூரம் அடித்தே சத்தியம் செய்வார்.

சாயங்காலம் ஸ்ரீஹர்ஷா போன் செய்தான். “அக்கா, அத்தை ரொம்ப அப்செட். என்ன இது? ஸ்வல்ப அட்ஜஸ்ட் மாடி, கொஞ்சம் அனுசரிச்சுப் போங்க. உங்களுக்கு க்ளாஸ் வேண்டாம், ஆபீஸ்ல உட்காருங்க, சம்பளம் அதே சம்பளம். ஆனா ஃபங்ஷன்ல டெமோ மட்டும் நீங்கதான். போஸ்டர்ல உங்க பேர் போட்டாச்சு.”

“டாக்டர் செய்யக் கூடாதுங்கறாரு, தம்பி.”

“ஒரே ஒரு தடவை அக்கா. ஒரு தடவையில என்ன ஆயிடும்?”

“சாய்வு தப்புன்னு உனக்குத் தெரியுமா தெரியாதா?”

பொய் சொல்ல வரவில்லை போலிருக்கிறது. “அக்கா, அதுதான் லோகோ. லோகோவே தப்புன்னு எப்படிச் சொல்றது? நீங்களே சொல்லுங்க. செய்யலேன்னா அத்தை உங்க சர்டிஃபிகேட்டை கேன்சல் பண்ணிடுவாங்க. அப்புறம் நீங்க எங்கயும் க்ளாஸ் எடுக்க முடியாது. நான் மிரட்டலை, சரியா? இருக்கறதைச் சொல்றேன்.”

இருக்கிறதைத்தான் சொன்னான். சரி, வருகிறேன் என்றேன். என் வீட்டுக்காரர் சந்தோஷ்குமார் நஞ்சன்கூட்டு ஃபேக்டரியிலிருந்து வந்ததும் என்மேல் எரிந்து விழுந்தார். “உனக்குக் கிறுக்கு புடிச்சிருக்குதா? ஒட்டுக்கா நொண்டியாப் போகப் போறயா?”

“சாய மாட்டேனுங்க.”

“பின்ன எதுக்குப் போற?”

“சாயாம இருக்கத்தான் போறேன்” என்றேன். அவருக்குப் புரியவில்லை.

பட்டமளிப்பு அன்று அரங்கம் நிரம்பி வழிந்தது. முன்வரிசைகளில் புதிதாகப் பட்டம் வாங்கப்போகும் ஆசிரியைகள், எல்லோரும் சாய்ந்த உருவம் போட்ட வெள்ளைப் பனியனில். பின்னால் வெளிநாட்டுக்காரர்கள். அதற்கும் பின்னால் ஊர்ப் பெரிய மனிதர்கள். மேடையின் இடது மூலையில் மேடத்தின் நாற்காலி, மடியில் குச்சி, கழுத்தில் சின்ன மைக். மேடம் பேசுவதை உடனுக்குடன் இங்கிலீஷில் சொல்ல, தமிழ்ப்ரியா என்று ஒரு காலேஜ் லெக்சரரை வைத்திருந்தார்கள். அவள் பக்கத்தில் இன்னொரு மைக்கோடு நின்றாள்.

திரைக்குப் பின்னால் கடைசியாக ஒரு முறை கேட்டேன். கெஞ்சினேன் என்றே சொல்லலாம். “மேடம், நீங்களே சொல்லிருங்க. நான் ஒண்ணும் பேச மாட்டேன்.”

“போய் உன் எடத்துல நில்லு” என்றார். என் முகத்தைக் கூடப் பார்க்கவில்லை.

நின்றேன். மேடம் கன்னடத்தில் பேச ஆரம்பித்தார். குரல் என்ன குரல்! அந்தக் குரலுக்குக் கூட்டம் மூச்சைப் பிடித்துக்கொண்டு உட்காரும். விழுந்த கதையைச் சொன்னார், எழுந்த கதையைச் சொன்னார், இரண்டு பேர் கண்ணைத் துடைத்தார்கள். அவர் குச்சியைத் தட்டத் தட்ட நான் ஒவ்வொரு அசைவாகக் காட்டினேன். மூச்சு, முதுகு, தோள். வலித்தாலும் நன்றாகவே காட்டினேன். அந்த வேலையில் எனக்குத் தலைக்குனிவு கிடையாது.

“இப்போ, சாய்வு” என்றார். கூட்டம் நிமிர்ந்து உட்கார்ந்தது. நான் நின்ற இடத்திலேயே நின்றேன்.

குச்சியைத் தட்டினார். “ம், வினிதா.”

நான் அசையவில்லை.

“சாய்!”

நான் கையெடுத்துக் கும்பிட்டு, அரங்கம் முழுக்கக் கேட்கிற மாதிரி கன்னடத்தில் சொன்னேன். “எனக்கு வரவில்லை மேடம். இங்கே இருப்பவர்களில் பாதிப் பேர் நீங்கள் செய்து பார்த்ததே இல்லை. நீங்களே காட்டுங்கள்.” தமிழ்ப்ரியா அதை இங்கிலீஷில் சொன்னதுதான் தாமதம், கைதட்டல் இடி மாதிரி எழுந்தது. வெளிநாட்டுக்காரர்கள் எழுந்து நின்றுவிட்டார்கள். ஒரு பெண் விசில் கூட அடித்தாள்.

மேடம் என்னைப் பார்த்த பார்வையில் எள்ளும் கொள்ளும் வெடித்தது. ஆனால் கைதட்டல் நிற்கவில்லை. பத்து வருஷம் பக்கத்தில் நின்றவளுக்கு இதுகூடத் தெரியாதா? கைதட்டலைக் கேட்டுவிட்டு அவரால் நாற்காலியில் உட்கார்ந்திருக்க முடியாது. நாட்டியத்தை விட்டாலும், நிகழ்ச்சியை விட்டாலும், மேடையை மட்டும் அவர் உடம்பு விடவில்லை. குச்சியை நாற்காலி அடியில் வைத்தார். எழுந்தார், புடவைத் தலைப்பைச் செருகிக்கொண்டு மேடை நடுவுக்கு வந்தார். எப்போதும் போலக் கூட்டத்துக்கு முதுகைக் காட்டி நின்றார்.

மூச்சை இழுத்துக் கைகளை விரித்தார். இறங்கினார்.

நேராக இறங்கினார். பிழையே சொல்ல முடியாத இறக்கம். இரண்டு பாதமும் பதிந்து, முதுகு கோடு மாதிரி நின்று, தண்ணீர் வடிகிற மாதிரி தரைக்கு வந்தார். அதைப் பார்த்தபோது, சத்தியமாகச் சொல்கிறேன், ஒரு நொடி என் கோபமெல்லாம் போய்விட்டது. இத்தனை அழகான அசைவையா இத்தனை வருஷம் கோணலாகச் செய்தோம்!

கைதட்டல் வரவில்லை. பின்வரிசையில் முணுமுணுப்பு எழுந்தது. முன்வரிசையில் ஒருத்தி தன் பனியனைக் குனிந்து பார்த்தாள், பிறகு மேடத்தைப் பார்த்தாள். மேடத்துக்கு அப்போதுதான் உறைத்தது. குந்திய நிலையில் தலையைத் தாழ்த்தித் தன் இடது பாதத்தைப் பார்த்தார். மெல்லத் தலையைத் திருப்பி என்னைப் பார்த்தார். நான் தெரிந்தேதான் அவரைக் குந்த வைத்தேன் என்பது அவருக்குப் புரிந்துவிட்டது. இப்போதாவது சொல்லுங்கள், சொல்லிவிடுங்கள் என்று என் மனசு அடித்துக்கொண்டது.

அவர் அப்படியே தரையில் சம்மணமிட்டு, கூட்டத்தைப் பார்த்துத் திரும்பி உட்கார்ந்தார். புன்னகை கூட வந்துவிட்டது. “எத்தனை வருஷமாகச் சொல்கிறேன், பாருங்கள் பாருங்கள் என்று. ஒருவராவது ஒழுங்காகப் பார்த்தீர்களா? வெளியே சாய்வதா சாய்வு? உள்ளே சாய வேண்டும். இதுதான் நிஜமான சாய்வு. இன்றைக்குத்தான் உங்களுக்குக் காட்டத் தோன்றியது.”

தமிழ்ப்ரியா இங்கிலீஷில் சொன்னாள். வெளிநாட்டுக்காரர்கள் “ஆ!” என்று மூச்சு விட்டார்கள். பக்கவாட்டில் நின்ற ஸ்ரீஹர்ஷா பாய்ந்து வந்து தமிழ்ப்ரியாவின் மைக்கைப் பிடுங்கி, “அட்வான்ஸ்டு லெவல்! திஸ் இஸ் தி அட்வான்ஸ்டு லெவல்!” என்று கத்திவிட்டு மைக்கைத் திருப்பிக் கொடுத்தான். இப்போது கைதட்டினார்கள். முன்வரிசை ஆசிரியைகள் அவசர அவசரமாக எழுந்து நின்று, நேராகக் குந்திப் பழக ஆரம்பித்துவிட்டார்கள். கேட்கக் கூடாது, பார்க்க வேண்டும், பார்த்துவிட்டார்கள்!

பார்க்காதது எங்கள் தப்பாம். சௌம்யாவின் மூட்டு அவள் தப்பாம். என் இடுப்பு என் வம்சத்தின் தப்பாம். எனக்கு வந்த ஆத்திரத்தில் வலி கூடத் தெரியவில்லை. விடுவிடுவென்று அவர் பக்கத்தில் போனேன். என்னால் குந்த முடியாது, இடுப்பைப் பிடித்துக்கொண்டு குனிந்தேன். தமிழில்தான் வந்தது.

“உள்ளயும் இல்ல வெளியவும் இல்லீங் மேடம். உங்கற கால் அன்னிக்கு மடங்கல, சாஞ்சீங்க. ஆபரேஷன் பண்ணி இப்ப மடங்குது, நேரா எறங்கினீங்க. அவ்வளவுதானுங் உங்க ரகசியம். நாங்க பார்த்தோமுங்க. கண்ணு பூத்துப்போற அளவுக்குப் பார்த்தோம். பார்த்துத்தான் நொண்டியானோம்.”

“பேசாம போயிடு” என்று பல்லுக்குள் சொன்னார்.

“போக மாட்டேனுங். சொல்லுங்க. அது முறையில்ல, உங்கற கால்னு சொல்லுங்க.”

கோபம் வந்தால் மேடத்துக்கும் வீட்டுத் தமிழ்தான் வரும். கழுத்தில் மைக் இருப்பது அவருக்கு மறந்துபோனது. “ஆமாண்டி! என் கால் மடங்கலே, அதனால சாஞ்சேன்! எனக்கு வேற கதி இல்லே, சாஞ்சேன்! உனக்கு என்ன கேடு? உன் கால் நன்னாத்தானே இருந்தது? நீ ஏண்டி சாஞ்சே? உன்னை யாருடி சாயச் சொன்னா?”

ஒலிபெருக்கி அதைக் கடைசி வரிசை வரைக்கும் கொண்டுபோய்ச் சேர்த்தது. தமிழ்ப்ரியா பாவம், காலையிலிருந்து மேடம் வாயைத் திறந்தால் மொழிபெயர்த்துப் பழகிவிட்டாள். மேடம் முடித்ததும் ஒரு வார்த்தை விடாமல் இங்கிலீஷில் சொல்லிவிட்டு, அப்புறம்தான் கையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.

முன்வரிசையில் குந்தியிருந்த ஆசிரியைகள் ஒவ்வொருத்தியாக எழுந்து நின்றார்கள். ஒருத்தியின் கை தன்னால் இடது இடுப்புக்குப் போனது. அடுத்தவள் கையும் போனது. அதற்கடுத்தவளும் இடுப்பைத் தடவிக்கொண்டாள். அந்த இடம் அவர்கள் எல்லோருக்கும் தெரியும்.

நான் நாற்காலிக்கு நடந்து போனேன். அடியில் கிடந்த குச்சியை எடுத்துக்கொண்டு வந்து அவர் முன்னால் தரையில் வைத்தேன்.

“இதுதானுங் சொல்லுச்சு” என்றேன்.

அவர் குச்சியைப் பார்த்தார். பிறகு வலது கையை என் பக்கம் நீட்டினார். அது எங்கள் வழக்கம், தரையில் முடித்ததும் மூத்த ஆசிரியைதான் கை கொடுத்து அவரைத் தூக்கிவிட வேண்டும். எத்தனையோ மேடையில் தூக்கிவிட்டிருக்கிறேன். என் கையும் பாதி வரைக்கும் போய்விட்டது, பழக்கம் அப்படி.

இழுத்துக்கொண்டேன். “நீங்களே எந்திரிங்க மேடம். உங்களுக்குத்தான் கால் மடங்குதே” என்றேன்.

ஸ்ரீஹர்ஷா என்னவோ சொல்லிக்கொண்டு பின்னாலேயே வந்தான். நான் திரும்பவில்லை. மேடைப் படியில் கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு, இடது காலை முதலில் வைத்து, வலது காலைப் பக்கத்தில் கொண்டுவந்து, ஒவ்வொரு படியாக இறங்கினேன். வலி உயிர் போனது. கதவுப் பக்கம் போனபோது ஒரு முறை மேடையைப் பார்த்தேன். மேடம் இன்னும் தரையில்தான் கை நீட்டியபடி உட்கார்ந்திருந்தார். கை கொடுக்க ஒருத்தியும் போகவில்லை.